நினைவு போன கலைஞர்கள்

கிளைவ் வேரிங்கின் நாட்குறிப்பில் ஒரே விஷயம்தான் பக்கம் பக்கமாக வருகிறது. முதலில் மணி எத்தனை என்று குறித்திருப்பார். அதற்கு நேரே, தான் இப்போதுதான் முதன்முதலாக உண்மையிலேயே விழித்துக்கொண்டிருப்பதாக ஒரு வரி. சில நிமிடம் கழித்து இன்னொரு மணி, மறுபடி அதே வரி. மேலே இருந்ததை அழுத்தி அடித்திருப்பார்: அது விழிப்பே அல்ல, இதுதான் நிஜம் என்று. கையெழுத்து யாருடையது என்று கேட்டால் தன்னுடையது என்று ஒத்துக்கொள்வார். எழுதியவர் நீங்கள்தானே என்றால் மறுப்பார், கோபம்கூட வரும்.

வேரிங் லண்டனில் பெயர்பெற்ற இசை ஆய்வாளர். பதினாறாம் நூற்றாண்டு இசையமைப்பாளர் லாசூஸின் பாடல்களில் தோய்ந்தவர், பாடகர் குழுக்களை நடத்தியவர், பிபிசி வானொலியில் இசை நிகழ்ச்சிகளைத் தயாரித்தவர். 1985 மார்ச் மாதம், 46 வயதில், உதட்டோரம் கொப்புளம் போடும் அந்தச் சாதாரண ஹெர்ப்பிஸ் வைரஸ் அவருடைய மூளைக்குள் போய்விட்டது. கோடிக்கணக்கானோர் உடம்பில் சும்மா கிடக்கும் கிருமி அது. எப்போதாவது ஒருவருக்கு இப்படி ஆகிவிடுகிறது. உயிர் பிழைத்தார். ஆனால் மூளையின் உட்புறத்தில், நினைவுகளைப் பதிய வைக்கும் ஹிப்போகாம்பஸ் பகுதி இருபுறமும் அழிந்துபோயிருந்தது. அதன்பின் எதுவும் அவர் மனத்தில் சில விநாடிகளுக்கு மேல், மிஞ்சினால் அரை நிமிடத்துக்கு மேல், தங்கவில்லை. பழைய வாழ்க்கையிலும் பெரும்பகுதி போய்விட்டது. மனைவி டெபோரா அறையைவிட்டு வெளியே போய் உடனே திரும்பினாலும், பல வருடம் பிரிந்திருந்தவளைக் கண்டதுபோல ஓடிவந்து கட்டிக்கொள்வார். அவர்களுக்குக் கல்யாணமாகி அதிக காலம் ஆவதற்குள் வந்த நோய் இது.

அப்படிப்பட்டவரைப் பியானோ முன் உட்காரவைத்தால் வாசிக்கிறார். தட்டுத்தடுமாறி அல்ல, தேர்ந்த கலைஞராகவே வாசிக்கிறார். இசையமைப்பாளர் பாக்கின் ஒரு குறிப்பிட்ட உருப்படி தெரியுமா என்று கேட்டால் கேள்விப்பட்டதே இல்லை என்பார். விரல்கள் கட்டையில் பட்டு நாலு ஸ்வரம் ஓடியதும், இது எனக்குத் தெரியுமே என்பார். பாடகர் குழு முன்னால் நிறுத்தினால் யார் எங்கே நுழைய வேண்டும், எங்கே மூச்செடுக்க வேண்டும் என்று கையால் சொல்லுவார். பாட்டு முடிந்ததும் தான் பாடவைத்ததே அவருக்குத் தெரியாது.

நினைவு போனால் ஆளே போய்விடுவான் என்ற எண்ணம் நமக்குள் ஊறிப்போனது. அதற்குத் தத்துவ வடிவம் கொடுத்தவர் ஆங்கிலேயத் தத்துவவாதி ஜான் லாக். மனித அறிவைப் பற்றிய தம் பெரிய நூலின் இரண்டாம் பதிப்பில், 1694-இல், இதற்கென்றே ஒரு அத்தியாயம் சேர்த்தார். உடம்பும் அல்ல, ஆன்மாவும் அல்ல; கடந்த காலத்தில் செய்ததைத் தன் செயலாக உணரும் பிரக்ஞைதான் ஒருவரை அதே ஆளாக வைத்திருக்கிறது என்பது அவர் வாதம். அந்தப் பிரக்ஞை எவ்வளவு பின்னோக்கிப் போகிறதோ அவ்வளவுதான் அந்த ஆள்.

ஸ்காட்லாந்துக்காரர் தாமஸ் ரீட் 1785-இல் இதை ஒரு கற்பனை உதாரணத்தால் மடக்கினார். பழத்தோட்டத்தில் திருடியதற்காக அடிவாங்கிய ஒரு சிறுவன், பிறகு போரில் எதிரியின் கொடியைக் கைப்பற்றும் இளம் அதிகாரி ஆகிறான், முதுமையில் தளபதி ஆகிறான். அதிகாரிக்கு அடிவாங்கியது ஞாபகம் இருக்கிறது. தளபதிக்குக் கொடி ஞாபகம் இருக்கிறது, ஆனால் அடி மறந்துவிட்டது. லாக் சொன்னபடி பார்த்தால் சிறுவனும் அதிகாரியும் ஒருவரே, அதிகாரியும் தளபதியும் ஒருவரே, ஆனால் சிறுவனும் தளபதியும் வேறு வேறு ஆள்! ரீட் செய்த கேலி நியாயமானதுதான். ஆனால் இருவருமே ஒன்றை விசாரிக்காமல் விட்டுவிட்டார்கள்: நினைவு என்பது ஒரே சரக்கா?

அல்ல என்று காட்டியவர் ஹென்றி மொலேசன். காக்காய் வலிப்பால் அவதிப்பட்ட இந்த அமெரிக்க இளைஞருக்கு 1953-இல், 27 வயதில், ஹார்ட்ஃபோர்ட் நகரில் மூளை அறுவை நடந்தது. இரண்டு பக்கத்து ஹிப்போகாம்பஸிலும் பெரும்பகுதியை மருத்துவர் எடுத்துவிட்டார். வலிப்பு குறைந்தது, புதிய நினைவுகள் பதிவதும் நின்றுபோனது. அவரை ஆராய்ந்த பிரெண்டா மில்னர், கண்ணாடியில் மட்டும் பார்த்துக்கொண்டு நட்சத்திரத்தின் இரட்டைக் கோட்டுக்குள் பென்சிலை ஓட்டச் சொன்னார். எவருக்குமே முதலில் கை கோணும். மூன்று நாள் தொடர்ந்து செய்தார் மொலேசன். ஒவ்வொரு நாளும், இப்படி ஒரு காரியத்தைத் தான் செய்ததே இல்லை என்றார். கோடோ நாளுக்கு நாள் நேரானது. மில்னர் 1962-இல் இதை வெளியிட்டபின், நடந்ததைச் சொல்லும் நினைவும் செய்யத் தெரிந்த நினைவும் மூளையில் வெவ்வேறு இடங்களைச் சார்ந்தவை என்பது உறுதிப்பட்டது. மொலேசன் 2008-இல் இறக்கும்வரை ஆய்வாளர்களுக்கு ஒத்துழைத்தார். அவர்களை அவருக்குச் சரிவர அடையாளம் தெரிந்ததாகச் சொல்ல முடியாது.

வீணையோ மிருதங்கமோ படித்தவர்களுக்கு இதில் பெரிய அதிசயம் இருக்காது. ஒரு கீர்த்தனையில் சரணத்தின் நடு அடியை மட்டும் பாடுங்கள் என்று திடீரென்று கேட்டால், நன்றாகப் பாடுகிறவர்கூடத் திணறுவார். மனத்துக்குள் முந்தைய அடியிலிருந்து முணுமுணுத்துக்கொண்டே வந்துதான் அங்கே சேருவார். வருடக்கணக்கில் சாதகம் செய்தது பட்டியலாகச் சேமிக்கப்படுவதில்லை. ஒன்றைச் செய்து முடிக்கும்போதுதான் அடுத்தது கைக்கு வருகிறது. வேரிங் பாக்கை நினைவுகூரவில்லை. பாக்குக்குள் நுழைந்தார், அது அவரைக் கடைசிவரை அழைத்துப்போனது. அவருக்கு முன்னும் பின்னும் உள்ள நேரம் ஒன்றாகக் கோக்கப்பட்டிருப்பது அந்தச் சில நிமிடங்களில் மட்டும்தான். இசை நின்றால் மறுபடி அந்த நாட்குறிப்புதான்.

ஆனால் இதைக் கையின் பழக்கம் என்று சுருக்கிவிடுவதும் சரியல்ல. அதற்குச் சான்று லானி சூ ஜான்சன் என்ற அமெரிக்க ஓவியர். நியூயார்க்கர் இதழுக்கு அட்டைப்படங்கள் வரைந்தவர். வயோலா வாசிப்பார், சிறுவிமானம் ஓட்டுவார், பண்ணை வைத்திருந்தார். 2007 டிசம்பரில் வேரிங்குக்கு வந்த அதே வகை மூளைக்காய்ச்சல் வந்து ஹிப்போகாம்பஸ் அழிந்தது. வாழ்க்கைச் சம்பவங்களோடு பொது அறிவும் பெருமளவு போய்விட்டது. உலகமறிந்த ஓவியங்களைக் காட்டினால்கூட வரைந்தவர் பெயரைச் சொல்ல முடிவதில்லை. ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஒரு வித்தியாசமான சோதனை செய்தார்கள். வரையச் சொல்லாமல், வரைவதைப் பற்றிக் கேட்டார்கள். நீர்வண்ணம் தாளில் அதிகமாகிவிட்டால் எப்படி எடுப்பது என்பது போன்ற கேள்விகள். வாயாலேயே சரியாகப் பதில் சொன்னார். விமானம் ஓட்டுவது, வயோலா வாசிப்பது பற்றிய கேள்விகளிலும் அவர் அறிவு பெருமளவு தப்பியிருந்தது. ஓவிய வரலாறு போனது, ஓவியத் தொழில் போகவில்லை. அவருக்கென்றே புதிதாக எழுதப்பட்ட இசைத் துணுக்குகளை வயோலாவில் பயிற்சி செய்யவைத்தபோது, பயின்ற துணுக்குகளில் வாசிப்பு மேம்பட்டது. ஆனால் அவற்றை முன்பு பார்த்த ஞாபகம் அவருக்கு இல்லை.

அவர் மறுபடி வரையத் தொடங்கிய விதம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. நோய்க்குப் பிறகு ஆரம்பத்தில் தாமாக ஒன்றும் வரையவில்லை. அவருடைய தாயும் ஓவியர். பக்கத்தில் உட்கார்ந்து தாளில் ஒரு உருவம் போடுவார், மகள் அதில் எதையாவது சேர்க்க வேண்டும். பிறகு யாரோ கொடுத்த சொல்தேடல் புதிர்ப் புத்தகம் கைக்கு வந்தது. கட்டங்களுக்குள் ஒளிந்திருக்கும் சொற்களைத் தேடுகிற, நம் வாரமலர்களில்கூட வருகிற அந்தப் புதிர்தான். அது அவரைப் பிடித்துக்கொண்டது. தாமே புதிர்கள் போட ஆரம்பித்தார். அகரவரிசையில் சொற்களின் பட்டியல், அவை புதைந்த எழுத்துக் கட்டம், அந்தக் கட்டத்துக்கே ஒரு உருவம், அதைச் சுற்றி அந்தச் சொற்களுக்கான சித்திரங்கள். நோய்க்கு முன்பு அவர் படங்களில் இருந்த குறும்பு மெல்லமெல்ல அந்தச் சித்திரங்களில் தலைகாட்டியது. 2011-இல் பால்டிமோரின் வால்டர்ஸ் கலைக்கூடம் அவற்றைக் காட்சிக்கு வைத்தது.

ஏன் புதிர்? ஏன் அகரவரிசை? ஆய்வாளர்கள் பல காரணம் சொல்லலாம். என் வாசிப்பு இது: சற்றுமுன் என்ன செய்தோம் என்பது தெரியாத ஒருவருக்கு, எங்கே விட்டோம் என்பதைச் சொல்லும் தாள் வேண்டும். அகரவரிசை அதைச் சொல்லும். கடைசியாக எழுதிய எழுத்து எது என்று பார்த்தால் அடுத்தது எது என்பது தெரிந்துவிடும். காலிக் கட்டம் தன்னை நிரப்பச் சொல்லும். வேரிங்குக்கு இசைத்தாளும் பாட்டின் ஓட்டமும் செய்த வேலையை ஜான்சனுக்குக் கட்டங்கள் செய்தன. தலைக்குள் இல்லாத நினைவைத் தாளின் மீது வைத்துக்கொண்டார்.

இங்கேதான் கலைக்கு நினைவு எதற்குத் தேவை என்பது பிடிபடுகிறது. திறமைக்கு அல்ல, பாணிக்கும் அல்ல. நீண்ட புதிய படைப்புக்குத் தேவை. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை தலபுராணங்கள் பாடியதைப் பற்றி அவர் மாணவர் உ.வே. சாமிநாதையர் விரிவாக எழுதியிருக்கிறார். பிள்ளை வாயால் செய்யுளைச் சொல்ல, மாணவர் ஏட்டில் எழுதிக்கொண்டே போவார். ஒரு புராணத்தின் முந்தைய படலங்கள், வந்துவிட்ட வருணனைகள், இனிச் சொல்லவேண்டிய கதை எல்லாம் சொல்பவர் மனத்தில் ஒருசேர நின்றால்தான் அது நடக்கும். பார்வையிழந்த பிறகு ஆங்கிலக் கவிஞர் ஜான் மில்டன் தம் காவியத்தை இரவில் மனத்தில் கட்டிக் காலையில் பிறரிடம் சொல்லி எழுதவைத்ததும் இப்படித்தான். வேரிங் வாசிக்கிறார், வாசிக்கும்போது தாமாகச் சில அலங்காரங்களும் சேர்க்கிறார். ஆனால் ஒரு பெரிய இசைப் படைப்பை நாள்கணக்கில் கட்டியெழுப்ப அவரால் முடியாது.

இதைவிட ஆழமான இழப்பு ஒன்று உண்டு. 2007-இல் லண்டனில் மூளை ஆய்வாளர்கள் டெமிஸ் ஹசாபிஸும் எலினார் மக்வயரும் ஹிப்போகாம்பஸ் சிதைந்த ஐந்து பேரிடம் எளிதான ஒன்றைக் கேட்டார்கள். ஓர் அழகான வெப்பமண்டலக் கடற்கரையில் மணலில் படுத்திருப்பதாகக் கற்பனை செய்து, என்ன தெரிகிறது என்று சொல்லுங்கள். நடந்ததைக் கேட்கவில்லை, நடக்காததைத்தான் கேட்டார்கள். ஆனால் அவர்களில் நால்வரால் காட்சியைக் கட்ட முடியவில்லை. நீலம் தெரிகிறது, மணல் இருக்கிறது என்று துண்டுதுண்டாகத்தான் வந்தது. ஓரிடத்தில் நிற்பது போன்ற முழுமை கூடவில்லை. (இந்த ஹசாபிஸ்தான் பிறகு செயற்கை நுண்ணறிவுக்குப் போய் 2024-இல் வேதியியல் நோபலைப் பகிர்ந்துகொண்டவர்.) நினைவுகூர்வதும் கற்பனை செய்வதும் ஒரே பட்டறையில் நடக்கும் வேலை என்று இந்த ஆய்வு சொல்கிறது. கதாசிரியர்களைக் கேட்டிருந்தால் முன்பே சொல்லியிருப்பார்கள். பழைய வீட்டின் திண்ணையைக் கழற்றி, வேறொருவர் வீட்டு முற்றத்தில் வைத்து, அங்கே நடக்காத சண்டையை நடத்துவதுதானே அவர்கள் தொழில்.

அப்படிக் கழற்ற வேண்டுமானால் நினைவு கொஞ்சம் இளகியிருக்க வேண்டும். இளகாத நினைவு என்ன செய்யும் என்பதற்கு ருஷ்யாவின் சாலமன் ஷெரஷெவ்ஸ்கி இருக்கிறார். பத்திரிகை அலுவலகத்தில் குறிப்பே எடுக்காமல் எல்லாவற்றையும் ஒப்பிப்பவர் என்பதால் உளவியலாளர் அலெக்சாண்டர் லூரியாவிடம் அனுப்பப்பட்டார். நீண்ட எண் பட்டியல்களைப் பல வருடம் கழித்தும் சொன்னார். ஆனால் கவிதை அவருக்கு நரகம். ஒவ்வொரு சொல்லும் தனித்தனியே துல்லியமான படமாக எழும்பி அடுத்த சொல்லின் படத்தோடு மோதும். உருவகம் பிடிபடாது. மனித முகங்கள்கூடக் குழப்பின, ஏனென்றால் அவை நொடிக்கு நொடி மாறிக்கொண்டே இருந்தன. மறக்க விரும்பியதைத் தாளில் எழுதி எரித்துப் பார்த்தார், பயனில்லை. நம் அவதானிகளை நினைத்துப் பார்க்கலாம்: அவர்களும் எதையும் விடாமல் நினைவில் நிறுத்துவார்கள், ஆனால் அதே அவையில் பாட்டும் கட்டுவார்கள். ஷெரஷெவ்ஸ்கி மேடையில் நினைவு வித்தை காட்டிப் பிழைத்தார், கலைஞர் ஆகவில்லை.

அல்சைமர் நோய் வேறு கணக்கு. அது ஹிப்போகாம்பஸ் பக்கம் தொடங்கினாலும் அங்கே நிற்பதில்லை. லண்டனில் வாழ்ந்த அமெரிக்க ஓவியர் வில்லியம் உட்டர்மோலனுக்கு 1995-இல் நோய் உறுதியானது. அதன்பின் 2000 வரை தம் முகத்தையே வரைந்துகொண்டிருந்தார். அந்தப் படங்களை வரிசையாகப் பார்த்தால் மறதி எங்கேயும் தெரியவில்லை. தெரிவது இட உணர்வு குலைவதுதான்: அறை சாய்கிறது, கண்ணும் காதும் தம் இடத்தைவிட்டு நகர்கின்றன, கடைசியில் பென்சில் கோடுகளாலான தலைகள் மட்டும். இந்தப் படங்களைப் பற்றி இணையத்தில் உருகி உருகி எழுதுகிறார்கள். நோயின் எக்ஸ்ரேபோல அவற்றைப் பார்ப்பது எனக்கு உவப்பாக இல்லை. கை தடுமாறிய பிறகும், வரையவேண்டியது எது என்பதை அவரே தேர்ந்தெடுத்தார். அது ஓவியர் எடுக்கும் முடிவு.

ஓவியர் வில்லெம் டி கூனிங் விஷயத்தில் தகராறே நடந்தது. 1980-களில் அவர் வரைந்த ஓவியங்கள் 300-க்கும் மேல்: வெள்ளைத் திரையில் சிவப்பும் நீலமும் மஞ்சளும் நாடாபோல் ஓடுபவை. அதே ஆண்டுகளில் அவர் நினைவு மங்கிவந்தது. 1989-இல் நீதிமன்றம் அவர் விவகாரங்களைப் பிறர் பொறுப்பில் ஒப்படைத்தது. உதவியாளர்கள் அவருடைய பழைய கோட்டோவியங்களைத் திரையில் ஒளிப்படமாக வீழ்த்திக் கொடுப்பார்கள், அதிலிருந்து அவர் தொடங்குவார். 1997-இல், அவர் இறந்த வருடமே, நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் அந்தப் படங்களைக் காட்டியபோது, இவற்றை டி கூனிங் வரைந்தார் என்று சொல்லலாமா என்று விமர்சகர்கள் பிரிந்து நின்றார்கள். கேள்விக்குப் பின்னால் விலைப்பட்டியலும் இருந்தது என்பதைச் சொல்லத் தேவையில்லை. அரை நூற்றாண்டு தூரிகை பிடித்த கை, தன் பழைய கோட்டைப் பார்த்துப் புதிய கோடு இழுக்கிறது. அது அவர் படம் இல்லையென்றால் வேறு யாருடையது? முந்தைய படங்களைவிடத் தரம் குறைந்தது என்று வேண்டுமானால் வாதாடலாம்.

லாக்குக்குச் சொல்ல வேண்டிய பதில் இவர்களிடம் இருக்கிறது. நினைவு போனவரிடம் போனது அவருடைய கதை. எதைப் பார்த்துச் சிரிப்பார், எந்த இசைக்கு நிமிர்ந்து உட்காருவார், யார் வந்தால் முகம் மலரும் என்பது கதையோடு சேர்ந்து போவதில்லை. டெபோராவோடு கல்யாணம் நடந்த நாள் வேரிங்குக்கு நினைவில்லை. டெபோராவைப் பிடிக்கும் என்பதில் சந்தேகம் வந்ததே இல்லை. அவர் கதையை டெபோரா வைத்திருந்தார், 2005-இல் அதைப் புத்தகமாகவும் எழுதினார். ஆளின் ஒரு பாதி எப்போதுமே அடுத்தவரிடம்தான் இருக்கிறது. நினைவு நன்றாக உள்ளவர்களுக்கும் அப்படித்தான். நம் பிறப்பும் முதல் சொல்லும் நமக்குத் தெரிவது அம்மா சொல்லித்தான்.

இந்தியாவில் 60 வயதைத் தாண்டியவர்களில் 88 லட்சம் பேருக்கு மறதிநோய் இருப்பதாக 2023-இல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. நூற்றுக்கு ஏழு பேருக்கு மேல். அவர்களில் பெரும்பாலோர் வீட்டில்தான் இருக்கிறார்கள். பார்க்கப் போகிறவர்கள் அத்தனை பேரும் கட்டிலருகே குனிந்து, நான் யாரு தெரியுதா என்று கேட்கிறோம். தெரியாமல் அந்த முகம் தவிப்பதைப் பார்த்துவிட்டு, பாவம், ஒண்ணும் ஞாபகம் இல்லை என்று வெளியே வந்து சொல்கிறோம். தயவுசெய்து இந்தப் பரீட்சையை நிறுத்துங்கள். உங்கள் பெயரையும் உறவையும் நீங்களே சொல்லிக்கொண்டு போய் உட்காருங்கள். பூக்கட்டத் தெரிந்தவர் என்றால் நாரும் பூவும் கொடுங்கள், பாடத் தெரிந்தவர் என்றால் முதல் அடியை நீங்கள் எடுத்துக்கொடுங்கள். சில நேரம் ஒன்றும் நடக்காது, பரவாயில்லை. இன்னும் மறதி வராத பெரியவர் வீட்டில் இருந்தால் அவருக்கு என்னென்ன பாட்டு தெரியும், எந்த வேலை கைவந்தது, யார் யாரோடு வளர்ந்தார் என்பதை இப்போதே கேட்டுக் கைப்பேசியில் பதிவு செய்துவையுங்கள். பின்னால் அவருக்குப் பக்கத்தில் உட்காருபவருக்கு அது வேண்டியிருக்கும்.